விழக் கற்றுக்கொண்டவர்

(ஈஜோக் ஆலய மண்டபத்தில், சிலம்பப் பயிற்சி மாணவர்களுக்கான பாராட்டு நிகழ்வில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



தலைவர் எனக்குப் பதினைந்து நிமிடம் ஒதுக்கியிருக்கிறார். ஓய்வுபெற்ற ஆசிரியரிடம் நிமிடக் கணக்குச் சொல்லி என்ன பயன் என்பது அவருக்கும் தெரியும். அவரும் என் வகுப்பில் உட்கார்ந்தவர்தான்.

இந்தச் சிலம்ப வகுப்பைப் பற்றி என்னிடம் இரண்டு விதமாகப் பேசுகிறார்கள். பெற்றோர் சிலர், "சார், பையன் கையில் கம்பைக் கொடுத்துவிட்டு அப்புறம் அவன் எங்கே போவானோ என்று பயமாக இருக்கிறது" என்கிறார்கள். அந்தப் பயத்தை நான் குறை சொல்ல மாட்டேன். 2013-ஆம் ஆண்டில் உள்துறை அமைச்சு 49 குண்டர் கும்பல்களின் பெயர்களை வெளியிட்டபோது, நாளிதழைப் பிரித்து வைத்துக்கொண்டு எத்தனை வீடுகளில் தாய்மார்கள் பெருமூச்சு விட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். பிள்ளைகள் சொல்வதோ வேறு. "சார், நான் சினிமாவில் பைட் மாஸ்டர் ஆகப் போகிறேன்" என்று கண்ணை விரித்துக்கொண்டு சொல்கிறார்கள். இந்த இரு தரப்பாருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்வதைவிட, ஒரு மனிதரின் வாழ்க்கையைச் சொல்லலாம் என்று வந்திருக்கிறேன்.

அவர் பெயர் ஜூடோ கே. கே. ரத்தினம். இங்கே நரைத்த தலைகள் சில அசைவதைப் பார்க்கிறேன். நம் காலத்துப் படங்களின் எழுத்து ஓடும்போது, 'சண்டைப் பயிற்சி' என்ற வரிக்குப் பக்கத்தில் எத்தனை முறை இந்தப் பெயரைப் படித்திருப்போம்! தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தில், லயத்திலிருந்து பாயைச் சுருட்டிக்கொண்டு போய், கங்காணி வீட்டார் உட்கார்ந்த இடத்துக்குப் பின்னால் இடம் பிடித்தவர்கள் நாம். திரையின் முன்பக்கம் இடமில்லாதவர்கள் பின்பக்கம் உட்கார்ந்து பார்ப்பார்கள். அவர்களுக்குக் கதாநாயகன் எப்போதும் இடது கையால்தான் குத்துவான்! சண்டைக் காட்சி வந்ததும் இரண்டு பக்கமும் ஒரே கூச்சல். மறுநாள் காலையில் பள்ளித் திடலில் அதே சண்டை மறுபடியும் நடக்கும். ஜெய்சங்கர் யார், வில்லன் யார் என்பதற்கே முதலில் ஒரு சண்டை நடக்கும்.

ரத்தினம் பிறந்தது 1930-ஆம் ஆண்டில். ஊர் வேலூருக்குப் பக்கத்தில் உள்ள குடியாத்தம். கைத்தறிக்குப் பேர்போன ஊர். வைகாசி முதல் நாள் கெங்கையம்மன் சிரசுத் திருவிழாவுக்கு ஊரே திரளும். அங்கிருந்து சென்னைக்கு வந்தவர், முதலில் நடிகராகத்தான் திரையில் தோன்றினார். 1959-இல் வெளிவந்த 'தாமரைக்குளம்' அவருடைய முதல் படம். சண்டை அமைப்பவராக அவர் பெயர் பெற்றது 1966-இல், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த 'வல்லவன் ஒருவன்' படத்தில். இடையில் ஏழு ஆண்டுகள். பிள்ளைகளே, ஏழு ஆண்டு என்றால் உங்கள் தமிழ்ப்பள்ளிப் படிப்பு முழுவதும் முடிந்து, இடைநிலைப்பள்ளியில் ஒரு வருடம் கழிகிற காலம். அதன்பிறகு 1,200-க்கும் மேற்பட்ட படங்களுக்குச் சண்டை அமைத்து, 2013-இல் கின்னஸ் சாதனைப் புத்தகத்தில் இடம்பெற்றார். ரஜினிகாந்த் நடித்த 'முரட்டுக்காளை' (1980), 'பாயும் புலி' (1983), கமல்ஹாசன் நடித்த 'சகலகலா வல்லவன்' (1982) எல்லாம் அவர் கைவண்ணம். 2006-இல், எழுபத்தைந்து வயதைத் தாண்டிய பிறகும் 'தலைநகரம்' படத்தில் நடிகராக வந்தார். 2023 ஜனவரி 26-ஆம் நாள், தொண்ணூற்றிரண்டாம் வயதில், பிறந்த ஊரான குடியாத்தத்திலேயே கண்ணை மூடினார்.

ஆயிரத்து இருநூறு படத்துக்குச் சண்டை அமைத்த மனிதர் தொண்ணூறு கடந்து, சொந்த ஊரில், வயது மூப்பால் காலமானார் என்பதை நான் வேண்டுமென்றேதான் அழுத்திச் சொல்கிறேன். அந்தத் தொழிலில் அது எளிதில் வாய்ப்பதில்லை.

அவர் பெயருக்கு முன்னால் ஒட்டிக்கொண்டிருக்கும் அந்த 'ஜூடோ' என்ற சொல்லை நாம் எல்லாரும் ஒரு பட்டம் போலச் சொல்லிவிட்டுப் போய்விடுகிறோம். அது என்னவென்று கொஞ்சம் பார்க்க வேண்டும். நான் வாத்தியார்; பெயர்ச்சொல்லைக் கண்டால் விடமாட்டேன்.

ஜூடோவை உருவாக்கியவர் ஜிகோரோ கானோ என்ற ஜப்பானியர். 1860-இல் பிறந்தவர். அவரும் ஓர் ஆசிரியர்தான். தோக்கியோ ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிக்கு இருபது ஆண்டுகளுக்கு மேல் தலைவராக இருந்தவர். 1882-இல், இருபத்தொரு வயதில், அவர் தம் முதல் பயிற்சிக்கூடத்தை எங்கே தொடங்கினார் தெரியுமா? ஒரு கோயிலில்! எய்ஷோஜி என்ற புத்தர் ஆலயத்தில், பன்னிரண்டு பாய் விரிக்கும் அளவுள்ள ஒரு கூடத்தில். முதல் ஆண்டில் மாணவர்கள் பத்துப் பேருக்கும் குறைவு. பையன்களைத் தூக்கிப் போட்டுப் போட்டுத் தரைப்பலகைகள் உடைந்து போக, கானோவே மெழுகுவர்த்தியோடு தரைக்கு அடியில் போய் அவற்றைச் செப்பனிடுவாராம். கோயில் குருக்களுக்கு அந்தச் சத்தமும் அதிர்வும் பிடிக்கவில்லை. நம் மண்டபத்தின் தரையைப் பற்றி நிர்வாகக் கூட்டத்தில் பேச்சு எழும்போதெல்லாம் எனக்கு எய்ஷோஜி நினைவுக்கு வரும். அந்தப் பன்னிரண்டு பாய்க் கூடத்தில் தொடங்கிய கலை 1964-இல் ஒலிம்பிக் போட்டியில் சேர்ந்தது. அதைப் பார்க்கக் கானோ உயிரோடு இல்லை. 1938-இல், கெய்ரோவில் ஒலிம்பிக் குழுக் கூட்டத்தை முடித்துக்கொண்டு திரும்பும் வழியில் கப்பலிலேயே காலமானார்.

ஜூடோ என்றால் மென்மையான வழி என்று பொருள். சேர்ந்த புதிதில் ஒருவனுக்கு அங்கே தூக்கிப் போடவோ குத்தவோ சொல்லித் தருவதில்லை. விழச் சொல்லித் தருகிறார்கள். பின்பக்கமாக விழ வேண்டும், பக்கவாட்டில் விழ வேண்டும், உருண்டு விழ வேண்டும். தாடையை மார்போடு ஒட்டி வைத்துக்கொள்ள வேண்டும், மண்டை தரையில் மோதாது. முதுகு தரையைத் தொடும் அதே நொடியில் முன்கையால் பாயை ஓங்கி அறைய வேண்டும், விழுந்த வேகம் உடம்பின் ஒரே இடத்தில் இறங்காமல் பரவிவிடும். வாரக் கணக்கில் இதுதான் பாடம். விழத் தெரியாதவனைத் தூக்கிப் போட மூத்த மாணவனுக்கு அனுமதி கிடையாது. தூக்கிப் போடுகிறவனுக்கும் ஒரு கடமை உண்டு: எதிராளியின் கைச்சட்டையைக் கடைசிவரை விடாமல் பிடித்து, தலை அடிபடாமல் அவனை இறக்கிவிட வேண்டும்.

இதைத் தெரிந்துகொண்டு மறுபடியும் அந்தச் சண்டைக் காட்சிகளை நினைத்துப் பாருங்கள். கதாநாயகன் குத்துகிறான், நாம் கைதட்டுகிறோம். குத்து உண்மையில் படுவதே இல்லை. முஷ்டிக்கும் முகத்துக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளி இருக்கும். கேமராவை ஒருவனுடைய தோளுக்குப் பின்னால் சரியான கோணத்தில் வைத்தால் அந்த இடைவெளி மறைந்துவிடும். குத்து வாங்குகிறவன் சரியான நொடியில் தலையை வெட்டி, காலைத் தூக்கி, மேசையின் மேல் போய் விழுந்தால்தான் குத்தே குத்தாகும். ஆகவே சண்டையின் பலம் அடிப்பவனுடையது என்று நாம் நினைத்துக்கொண்டிருந்தோம். அது முழுவதும் விழுபவனுடையது. அந்தப் பெயர் தெரியாத பத்துப் பேர் விழாவிட்டால் எந்த நாயகனும் வீரனாக முடியாது. 'முரட்டுக்காளை' படத்தின் ரயில் சண்டை வந்த காலத்தில், இன்றுபோல் கயிறு கட்டித் தொங்கவிட்டுப் பிறகு கணினியில் கயிற்றை அழித்துவிடும் வசதி கிடையாது. கால் வைக்கும் இடத்தையும் கை பிடிக்கும் இடத்தையும் முன்கூட்டியே கணக்குப் போட்டுச் சொல்லிக்கொடுக்க ஒருவர் வேண்டும். அந்த ஒருவர்தான் சண்டை ஆசிரியர். ஆசிரியர் என்ற சொல்லை அந்தத் தொழிலில் சும்மா சேர்க்கவில்லை.

நம் ஆலய மக்களுக்கு இன்னொருவரையும் சொல்லாமல் போனால் முருகப்பெருமான் என்னைக் கேட்பார். சாண்டோ எம். எம். ஏ. சின்னப்பா தேவர். அவரைப் படத் தயாரிப்பாளராக, மருதமலை முருகன் அடியாராக, 'துணைவன்' (1969), 'தெய்வம்' (1972) ஆகிய பக்திப் படங்களைத் தந்தவராக நமக்குத் தெரியும். அவர் வந்த வழி உடற்பயிற்சிக்கூட வழி. கோயம்புத்தூரில் தேகப்பயிற்சி செய்து உடம்பை வளர்த்தவர். யூஜின் சாண்டோ என்ற ஐரோப்பியப் பலசாலியின் பெயர் அந்நாளில் நம் ஊர்ப் பயில்வான்களுக்கெல்லாம் பட்டமாக வழங்கியது, அப்படி வந்ததுதான் அவருடைய 'சாண்டோ'. கோவை ஸ்டூடியோக்களில் சிறுசிறு வேடங்களிலும் சண்டைக் காட்சிகளிலும் நடித்துக்கொண்டிருந்தார். எம்.ஜி.ஆர். கதாநாயகனாக நடித்த முதல் படமான 'ராஜகுமாரி' (1947) எடுக்கப்பட்டபோது, தம்மோடு மோதும் வேடத்துக்குத் தேவர்தான் வேண்டும் என்று எம்.ஜி.ஆர். பிடிவாதமாக நின்றார் என்பது திரையுலகில் பலரும் சொல்லும் செய்தி. காரணம் புரிகிறதல்லவா? சண்டையில் எதிரே நிற்பவனை நம்ப வேண்டும். 1956-இல் தேவர் சொந்தமாக எடுத்த முதல் படம் 'தாய்க்குப் பின் தாரம்'; அதில் கதாநாயகன் எம்.ஜி.ஆர். இருவரும் சேர்ந்து 16 படங்கள் செய்தார்கள். 1978-இல் தேவர் காலமானார். அடிதடிக்காரனாகத் திரையில் நின்ற மனிதர் முருகன் கோயில்களுக்கு அள்ளிக் கொடுத்த கணக்கைக் கோவைப் பக்கம் இன்றும் சொல்வார்கள். (இங்கே நன்கொடையாளர்களைப் பார்த்துத்தான் சொல்கிறேன் என்று யாரும் எண்ண வேண்டாம். பார்த்துத்தான் சொல்கிறேன்.)

மறுபடியும் ரத்தினத்திடம் வருகிறேன். ஓர் ஆசிரியன் என்ற முறையில் அவரிடம் என்னை ஈர்த்தது படங்களின் எண்ணிக்கையைவிட அவருடைய மாணவர்களின் வரிசை. சூப்பர் சுப்பராயன், விக்ரம் தர்மா, தளபதி தினேஷ், ஜாகுவார் தங்கம் என்று, எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் தமிழ்த் திரையில் சண்டை அமைத்தவர்களில் பெரும்பகுதியினர் அவரிடம் உதவியாளராக இருந்து வெளியே வந்தவர்கள். சுப்பராயனின் மகன் திலீப் சுப்பராயன் இன்று முன்னணிச் சண்டைப் பயிற்சியாளர். ஆக, மூன்று தலைமுறை. தொழிலில் போட்டியாக வந்துவிடுவானே என்று பயந்து வித்தையை ஒளித்துவைக்கும் வாத்தியார்களை நாம் பார்த்திருக்கிறோம். நம் சிலம்பத்திலேயே கடைசி அடியைச் சொல்லித் தராமல் கொண்டுபோய்விட்ட ஆசான்களைப் பற்றித் தோட்டத்துக்குத் தோட்டம் கதை உண்டு. அப்படிப் போன அடிகள் போனவைதான். ரத்தினத்தின் உடல் சென்னையில் சண்டைக் கலைஞர்கள் சங்க அலுவலகத்தில் அஞ்சலிக்கு வைக்கப்பட்டபோது, ரஜினிகாந்த் நேரில் வந்து மரியாதை செலுத்தி, அவருடைய உதவியாளர்கள் பலர் பிற்காலத்தில் பெரிய மாஸ்டர்கள் ஆனதைத்தான் எடுத்துச் சொன்னார்.

இதே வழியில் நடந்த இன்னொருவர் மதுரைக்காரரான ஷிஹான் ஹுசைனி. கராத்தே ஆசிரியர், வில்வித்தைக்குத் தமிழ்நாட்டில் ஒரு சங்கமே அமைத்தவர். 1986-இல் பாலச்சந்தரின் 'புன்னகை மன்னன்' படத்தில் நடிகரானார். 2001-இல் வந்த 'பத்ரி' படத்தில் விஜய்க்குப் பயிற்சி கொடுப்பவராகவே வந்தார். 2024-இல் ஆந்திரத்தின் துணை முதல்வரான பவன் கல்யாண் அவரிடம் கராத்தே கற்றவர். 2025 மார்ச் 25-இல் இரத்தப் புற்றுநோயால் ஹுசைனி காலமானார். அவர் செய்த சில காரியங்கள் எனக்கு உடன்பாடில்லாதவை. விளம்பரம் ஆளைத் தின்றுவிடும் என்பதற்கும் அவரை உதாரணம் சொல்வோர் உண்டு. ஆனால் நோய்ப்படுக்கையிலும் அந்த மனிதர் பேசியது தம் மாணவர்களைப் பற்றியும் வில்வித்தையைப் பற்றியும்தான். அதை மறைத்துப் பேசினால் நியாயமில்லை.

பிள்ளைகளே, இப்போது உங்களிடம் வருகிறேன். சினிமாவுக்குப் போகப் போகிறேன் என்கிறீர்களே, போங்கள், வேண்டாம் என்று சொல்ல நான் யார்? ஆனால் அந்தத் தொழிலின் மறுபக்கத்தையும் தெரிந்துகொண்டு போங்கள். 2025 ஜூலை 13-ஆம் நாள், நாகப்பட்டினம் மாவட்டத்தில் ஒரு படப்பிடிப்பு. காரை வேகமாக ஓட்டிவந்து சாய்தளத்தில் ஏற்றிப் பறக்கவிடும் காட்சி. எஸ். எம். ராஜு என்ற அனுபவமுள்ள சண்டைக் கலைஞர் ஓட்டினார். கார் தலைகுப்புற விழுந்தது, அவர் பிழைக்கவில்லை. அதற்கு முந்தைய ஆண்டு, 2024 ஜூலையில், சென்னையில் இன்னொரு படப்பிடிப்பில் இருபது அடி உயரத்திலிருந்து விழுந்து ஒரு சண்டைக் கலைஞர் இறந்தார். இந்தி நடிகர் அக்‌ஷய் குமாரின் முயற்சியால் இந்தியா முழுவதும் ஏறத்தாழ 650 முதல் 700 சண்டைக் கலைஞர்களுக்குக் காப்புறுதி கிடைத்திருக்கிறது என்ற செய்தியும் ராஜு இறந்த அந்த மாதத்தில்தான் பரவலாகப் பேசப்பட்டது. காப்புறுதி வரவே இத்தனை காலம் ஆகியிருக்கிறது. இந்திய தேசிய திரைப்பட விருதுகளில் சண்டை அமைப்புக்கென்று ஒரு விருது 2017-இல்தான் முதன்முதலாக வழங்கப்பட்டது. 'புலிமுருகன்' என்ற மலையாளப் படத்துக்காகப் பீட்டர் ஹெய்ன் பெற்றார். ஆஸ்கார் விருதுக் குழுவோ 2027-இல் வெளிவரும் படங்களிலிருந்துதான் இதற்கு விருது தரப்போவதாக 2025-இல் அறிவித்தது. ஊர் உலகமெல்லாம் கைதட்டிய தொழிலுக்கு ஒரு மாலை போட நூறு வருடம் ஆகியிருக்கிறது, பாருங்கள்.

தாய்மார்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் பிள்ளைகள் இங்கே கற்பது ஜூடோ அல்ல, சிலம்பம். நம் பாட்டன்மார் பால்மரம் வெட்டக் கப்பலேறி வந்தபோது, கூடவே வந்த கலை. தீமிதித் திருவிழாவில் சாமி ஊர்வலத்துக்கு முன்னால் கம்பு சுற்றிப் போனவர்களை நம்மில் பலர் கண்டிருக்கிறோம். இரப்பர் போய்ச் செம்பனை வந்து, தோட்டங்கள் துண்டு துண்டாகி, பத்தாங் பெர்ஜுந்தை 2007-இல் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாறி, லயத்து ஜனங்கள் ஆளுக்கொரு தாமானுக்குக் குடிபோன பிறகு, ஆசானும் மாணவனும் சந்திக்கும் இடமே இல்லாமல் போயிற்று. தமிழ்நாட்டில் 2024 ஜனவரியில் நடந்த கேலோ இந்தியா இளையோர் விளையாட்டுகளில் சிலம்பத்தைச் செய்முறை விளையாட்டாகச் சேர்த்தார்கள். அங்கேயே இப்போதுதான் அந்த நிலை.

இந்த வகுப்பில் முதல் மாதம் கம்பே கையில் தரமாட்டார்கள் என்பதைப் பெற்றோர் பலர் கவனித்திருக்க மாட்டீர்கள். கையைக் கட்டிக்கொண்டு காலடி வரிசை மட்டும்தான். அப்புறம் வணக்கம் சொல்லும் சலாவரிசை. எதிரே நிற்பவனுக்கு வணக்கம் சொல்லாமல் கம்பைத் தூக்கக் கூடாது. போட்டியிலும், எதிராளியின் மேல் கம்பு தொட்டாலே புள்ளி. ஓங்கி அடித்து முறித்தவனுக்குப் பரிசு இல்லை. குண்டர் கும்பல் ஒரு பையனுக்குத் தருவது என்ன? நாலு பேர் பின்னால் இருக்கிறார்கள் என்ற தைரியமும், ஒரு 'அண்ணன்' பெயரும். பதினான்கு வயதில் அந்தப் பசி எல்லாப் பையனுக்கும் உண்டு. முப்பது வருடத்துக்கு மேல் வகுப்பறையில் அதைப் பார்த்தவன் நான். அதை அதட்டி அடக்க முடியாது. மாலை ஐந்து மணிக்கு அவன் வரவில்லையென்றால் "ஏன்டா வரலை?" என்று கேட்க ஓர் ஆசான் இருந்தால், அவன் போக ஓர் இடம் இருக்கிறது. நம் ஆசான் இதுவரை மாதச் சம்பளம் என்று ஒரு காசு கேட்டதில்லை. கேட்கவில்லை என்பதற்காக நாம் கொடுக்காமல் இருப்பது எவ்வளவு நாளைக்குச் சரி என்பதை நிர்வாகக் குழு அடுத்த கூட்டத்தில் பேச வேண்டும். இதை நான் தலைவரின் முகத்தைப் பார்க்காமல் சொல்கிறேன்.

இன்னொன்று. அடுத்த தவணையிலிருந்து விழும் பயிற்சியையும் பாடத்தில் சேர்க்கலாம் என்று ஆசானிடம் கேட்டேன். கம்பு சுற்றும்போது கால் தடுக்கி விழுகிறவர்கள் உண்டு. மண்டபத் தரையோ சிமெண்டு. அவரும் நல்லது என்றார், ஆனால் பாய் வேண்டும் என்றார். கோரைப்பாய் அல்ல, ஜூடோக்காரர்கள் விரிக்கும் கனமான மெத்தைப்பாய். எய்ஷோஜி கோயிலில் பன்னிரண்டு பாய் இருந்தது. நமக்கு எட்டு இருந்தால் தொடங்கிவிடலாம். ஒரு பாய்க்கு ஒரு குடும்பம் என்று ஏற்றுக்கொள்ள விரும்புவோர் நிகழ்ச்சி முடிந்ததும் பொருளாளரைப் பாருங்கள், அவர் இரசீதுப் புத்தகத்தோடு வாசலில் இருப்பார்.

இப்போது பிள்ளைகள் கம்பு சுற்றப் போகிறார்கள். முதல் வரிசையில் இருப்பவர்கள் நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் இழுத்துக்கொள்ளுங்கள்.